மாட்டின் புழுவும் மொன்றியல் தீவின் புல்லும்

கனடாவின் மொன்றியல் தீவில், சென்ட் லோரன்டில், இன்று கோட் வெர்ச்சு என்றால் மெட்ரோ நிலையம். கோட் டு லியெஸ் என்றால் லாரிகள் இரையும் பெருஞ்சாலை. 18ஆம் நூற்றாண்டில் இவை பண்ணை வரிசைகளின் பெயர்கள். தீவின் நிலவுரிமை 1663 முதல் சுல்பீசியக் குருமாரிடம் இருந்தது. அவர்கள் குடியானவர்களுக்குப் பிரித்துக் கொடுத்த நிலம், அகலம் குறைந்து நீளம் மிகுந்த கீற்றுகளாகப் பாதையோரத்திலிருந்து காட்டை நோக்கி ஓடியது. 1720இல் சென்ட் லோரன்ட் தனித் தேவாலயப் பங்கு ஆயிற்று. அதன்பின் இருநூறு ஆண்டுகளுக்கு மேல் இங்கே கோதுமை விளைந்தது, ஓட்ஸ் விளைந்தது, நகரத்துக் குதிரைகளுக்கு உலர்புல் போயிற்று, பால் போயிற்று, காய்கறி போயிற்று. இரண்டாம் உலகப் போரையொட்டி விமானத் தொழிற்சாலை எழுந்தது, பிறகு வீடுகள், கார்ட்டியர்வில் விமானத்தளமும் 1988இல் மூடப்பட்டு அதன் மேல் புவா ஃபிராங்க் குடியிருப்பு வந்துவிட்டது. இந்த மண்ணில் மேய்ந்த மாடுகளின் வயிற்றில் புழு இருந்தது. அந்தப் புழுவின் கதையை யார் சொன்னாலும் மருந்தின் கதையாகவே சொல்கிறார்கள்: முன்பு அறியாமை இருந்தது, பிறகு ஆய்வுக்கூடம் வந்தது, அதன்பின் நல்ல மருந்து வந்தது, கதை முடிந்தது. நான் இதை ஏற்கவில்லை. குடற்புழு மாட்டைப் பிடித்த நோய் என்பதைவிட மேய்ச்சல் நிலத்தைப் பிடித்த நோய் என்பதே சரி. நிலத்தை எப்படிப் பயன்படுத்தினார்கள் என்பதே புழு பெருகியதையும் குறைந்ததையும் தீர்மானித்தது. மருந்து இதற்கு நடுவே வந்து, சில பத்தாண்டுகள் அந்த உண்மையை மறைத்து வைத்தது.

முதலில் புழுவின் வாழ்க்கையைக் கொஞ்சம் கிட்டப் போய்ப் பார்க்க வேண்டும். குடற்புழு என்று பொதுவாகச் சொன்னாலும், குளிர்நாட்டு மாட்டுக்கு அதிகக் கேடு செய்யும் ஆஸ்டர்டேஜியா குடலில் இருப்பதில்லை. நான்காம் இரைப்பையின் சுரப்பிகளுக்குள் புகுந்து வளர்கிறது. ஒரு சென்டிமீட்டர் நீளம்கூட இல்லாத, பழுப்பு நிற நூல் போன்ற புழு. அது துளைத்த சுரப்பிகளில் அமிலம் சுரப்பது நின்றுபோகும். தின்ற தீவனம் செரிக்காது. கன்று கழிந்து கழிந்து எலும்பும் தோலுமாகும். செம்மறிக்கும் வெள்ளாட்டுக்கும் எமனாக வருவது ஹீமாங்கஸ். இரத்தம் குடிக்கும் இந்த இனத்தில் ஒரு பெண் புழு நாளொன்றுக்கு 5,000 முட்டைக்கு மேல் இடும். கண்ணிமையின் உட்புறம் வெளுப்பதும் தாடைக்கடியில் நீர் கோர்த்துத் தொங்குவதும் அதன் அடையாளங்கள். ஆனால் இந்தப் புழுக்கள் மாட்டின் உடலுக்குள் இனப்பெருக்கம் செய்து எண்ணிக்கையைக் கூட்டிக்கொள்வதில்லை. முட்டை சாணத்தோடு வெளியே வந்தாக வேண்டும். சாணத்துக்குள் பொரிந்து, அங்குள்ள பாக்டீரியாவைத் தின்று, இரண்டு முறை தோலுரித்து, மூன்றாம் பருவத்தில் பழைய தோலையே சட்டையாகப் போர்த்திக்கொண்டு, மழைநீர் தெறிக்கும்போது புல்லுக்குப் போய், பனி ஈரத்தின் மெல்லிய படலத்தில் நெளிந்து இலையில் ஏறிக் காத்திருக்க வேண்டும். மாடு கடித்தால் அதற்கு வாழ்வு. கடிக்காவிட்டால் சேமித்த கொழுப்பு தீர்ந்ததும் சாவு. மாட்டின் வயிற்றில் ஓராயிரம் புழு இருந்தாலும், அந்த மாடு எங்கே சாணம் போட்டது, எத்தனை நாள் கழித்து அதே இடத்தில் மேய வந்தது என்ற கேள்விக்கான பதிலில்தான் அடுத்த தலைமுறையின் பிழைப்பு இருக்கிறது. மாடும் இதை ஒருவகையில் அறிந்துதான் இருக்கிறது. சாணி கிடக்கும் இடத்தைச் சுற்றி ஒரு முழத்துக்கு வாய் வைக்காது; பசும்புல் அங்கே மட்டும் ஓங்கி வளர்ந்து நிற்பதை எந்த மேய்ச்சல் நிலத்திலும் பார்க்கலாம். இடம் நெருங்கி, வேறு புல் தீர்ந்த பிறகே அது அந்தப் புல்லையும் கடிக்கிறது.

பழைய சென்ட் லோரன்ட் குடியானவர் வைத்திருந்த மாடுகள் கொஞ்சம். உழுவதற்கு எருது, வீட்டுப் பாலுக்கு ஒன்றிரண்டு பசு, கம்பளிக்குச் சில செம்மறி. நிலத்தில் ஒரு பகுதி கோதுமைக்கும் ஒரு பகுதி தரிசுக்கும் என மாறி மாறி வந்தது. கால்நடை அந்தத் தரிசில் மேய்ந்தது, காட்டோரத்தில் மேய்ந்தது. அறுவடை முடிந்த இலையுதிர் காலத்தில் வேலிகளைத் திறந்துவிட, ஊர் மாடெல்லாம் அறுத்த தாளில் திரியும் வழக்கமும் அன்றைய பிரெஞ்சுக் காலனியான நியூ பிரான்ஸ் முழுக்க இருந்தது. அரசாங்கம் அதற்குத் தேதி குறித்து ஆணைகள் போட்டது. இவையெல்லாம் புழுவை நினைத்துச் செய்தவை அல்ல. ஆனாலும் புழுவுக்கு இவை பாதகமானவை: இந்த ஆண்டு சாணம் விழுந்த இடம் அடுத்த ஆண்டு உழப்பட்டது, குறைந்த மாடுகள் அகன்ற நிலத்தில் சிதறின. அக்காலத்தில் எவரும் சாணத்தை நுண்ணோக்கியின் கீழ் வைக்கவில்லை. எனவே அன்றைய மாடுகளில் புழு குறைவு என்பது என் ஊகமே. ஆனால் புழுவின் வாழ்க்கைச் சுற்றையும் நிலப் பயன்பாட்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துச் செய்த ஊகம். விதிவிலக்கு செம்மறிகளாக இருந்திருக்கலாம். ஓநாய்க்கும் திருடனுக்கும் பயந்து வீட்டருகே ஒரே துண்டு நிலத்தில் அடைத்து மேய்த்த மந்தை எந்த நாட்டிலும் புழுவுக்கு நல்ல வீடு.

19ஆம் நூற்றாண்டு இந்த ஒழுங்கைக் கலைத்தது. மொன்றியலை உள்ளடக்கிய கியூபெக்கின் கோதுமை மண் வளம் குன்றியும் பூச்சி விழுந்தும் 1830களில் சரிந்தது. ஓட்ஸும் உலர்புல்லும் அந்த இடத்துக்கு வந்தன. அரை நூற்றாண்டு கழித்துப் பால். எதுவார் ஆந்திரே பர்னார்ட் போன்றவர்கள் பால் பண்ணையே மாகாணத்தின் மீட்சி என்று ஊர் ஊராகப் பரப்பினார்கள்; 1882இல் பால் தொழில் சங்கம் உருவாயிற்று; 1892இல் சென்ட் ஹயசிந்தில் பால் பள்ளி திறந்தார்கள். பெருநகரத்தை ஒட்டிய சென்ட் லோரன்ட் போன்ற இடங்களில் பாலுக்குத் தட்டே இல்லாத சந்தை. மாடுகளின் எண்ணிக்கை கூடிற்று; ஏர் படாத நிரந்தர மேய்ச்சல் நிலம் கூடிற்று; வேலிகள் நிலைத்தன. முக்கியமாக, கன்றுகளைத் தொழுவத்துக்குப் பக்கத்திலேயே, கண்ணுக்கு எட்டும் தூரத்தில் ஒரு சிறு அடைப்பில் விடும் பழக்கம் வேரூன்றியது. வளர்ந்த பசுவுக்கு ஓரளவு எதிர்ப்புச் சக்தி வந்துவிடும். முதல் கோடையில் புல் கடிக்கும் கன்றுக்கு அது கிடையாது. ஒவ்வோர் ஆண்டும் புதிய கன்றுகளைப் பழைய கன்றுகள் சாணமிட்ட அதே அடைப்பில் விடுவதைவிட ஆஸ்டர்டேஜியாவுக்குச் சாதகமான ஏற்பாட்டை வேண்டுமென்று யோசித்தாலும் செய்ய முடியாது.

இங்கே ஒரு மறுப்பு எழும். ஐந்து மாதம் பனி மூடும் ஊரில் புழு எப்படி ஆண்டுக்கு ஆண்டு தொடரும்? குளிரே நிலத்தைச் சுத்தம் செய்துவிடாதா? நியாயமான கேள்வி. பதில் இரண்டு. ஒன்று, பனி கொல்வதைவிட அதிகம் காக்கிறது. கனமான பனிக்கடியில் மண்ணோரம் வெப்பநிலை உறைநிலையை ஒட்டியே நிற்கும். காற்றில் பாதரசம் மைனஸ் இருபதுக்குக் கீழே போனாலும் சட்டை போர்த்திய மூன்றாம் பருவப் புழுக்களில் ஒரு பங்கு பிழைத்து மே மாதப் புல்லில் இருக்கும். கூப்பீரியா என்ற சிறுகுடல் புழுவும் ஆஸ்டர்டேஜியாவும் இதில் கெட்டி. இரண்டாவது பதில் இன்னும் வியப்பானது. இலையுதிர் காலத்தின் குளிர் பட்ட பின் மாட்டின் வயிற்றுக்குள் போகும் இளம்புழுக்கள் மூன்று வாரத்தில் முதிராமல், சுரப்பிக்குள்ளேயே வளர்ச்சியை நிறுத்திக்கொண்டு குளிர்காலத்தைக் கழிக்கின்றன. பனியில் பிழைக்கத் தெரியாத ஹீமாங்கஸும் கனடாவில் செம்மறியின் வயிற்றில் இப்படித்தான் குளிர்காலத்தைத் தாண்டுகிறது. குளிர்காலக் கடைசியிலோ வசந்தத்திலோ ஆயிரக்கணக்கான ஆஸ்டர்டேஜியாக்கள் ஒரே சமயத்தில் சுரப்பியைக் கிழித்து வெளிவரும்போது, தொழுவத்தில் கட்டியிருக்கும் மாடு திடீரென்று கழியத் தொடங்கும். 19ஆம் நூற்றாண்டு வேளாண் எழுத்துகளில் கியூபெக் மாடுகள் வசந்தத்தில் எழுந்து நிற்கக்கூடத் தெம்பில்லாமல் தொழுவத்திலிருந்து வெளிவந்த புலம்பல் அடிக்கடி வரும். குளிர்காலப் பட்டினியே காரணம் என்று எல்லோரும் எழுதினார்கள். பெரும்பகுதி அது உண்மையும்கூட. ஆனால் வைக்கோல் மட்டும் தின்று கிடந்த மாட்டின் வயிற்றில் அதே வாரங்களில் விழித்தெழுந்த புழுக்களுக்கும் அதில் ஒரு பங்கு இருந்திருக்க வேண்டும். பட்டினியும் புழுவும் ஒன்றையொன்று மூட்டிவிடுபவை. சேர்ந்து வரும்போது பழி பட்டினிமேல் விழுந்தது.

மருத்துவர்கள் இல்லாமல் இல்லை. டங்கன் மெக்கேக்ரன் 1866இல் மொன்றியலில் கால்நடை மருத்துவக் கல்லூரியைத் தொடங்கினார். பின்னாளில் உலகப் புகழ் பெற்ற வில்லியம் ஆஸ்லர் இளம் பேராசிரியராக அங்கே பாடம் நடத்தினார். ஒட்டுண்ணிகளில் அவருக்கு உண்மையான ஆர்வம். நாயின் மூச்சுக்குழாயில் அவர் கண்ட புழு இன்றும் அவர் பெயரைத் தாங்குகிறது; மொன்றியலில் விற்கும் பன்றி இறைச்சியில் என்னென்ன ஒட்டுண்ணிகள் என்று 1883இல் கிளெமென்ட் என்பவருடன் சேர்ந்து ஓர் ஆய்வும் வெளியிட்டார். இந்த வேலைகளை வரிசையாகப் பார்த்தால் ஒன்று புலப்படும். மனிதனுக்குத் தொற்றுவது, ஊரையே அழிப்பது, ஏற்றுமதியைத் தடுப்பது ஆகியவை கவனம் பெற்றன. மெக்கேக்ரனின் பெரும் உழைப்பு கப்பலில் வரும் மாடுகளைத் தனிமைப்படுத்துவதில் போயிற்று. கொல்லாமல் நாளுக்கு அரைப்படி பாலைத் திருடும் புழு யார் கணக்கிலும் வரவில்லை. அது வர, கன்றின் எடையையும் பசுவின் பாலையும் அளந்து எழுதும் பழக்கம் வர வேண்டியிருந்தது. மெக்கில் பல்கலைக்கழகத்தோடு இணைந்திருந்த அந்தக் கால்நடைக் கல்லூரி 1903இல் மூடப்பட்டது. தற்செயலாக அதே 1903இல்தான் சென்னை வேப்பேரியில் கால்நடை மருத்துவக் கல்லூரி திறந்தது.

தீவின் மேற்கு முனையில், சென்ட் ஆன் டு பெல்வியூவில், புகையிலை வணிகர் வில்லியம் மக்டொனால்ட் தன் பணத்தில் கட்டிய வேளாண் கல்லூரி 1907இல் திறந்தது. (புகைப்பதையே வெறுத்தவர் அவர். செம்மறிகளின் புழுவுக்கு அக்கால மருந்துகளில் ஒன்று, புகையிலையிலிருந்து எடுக்கும் நிக்கோட்டின் சல்பேட்டை மயில்துத்தத்தோடு கரைத்து ஊற்றுவது.) அந்த வளாகத்தில் 1932இல் மெக்கிலின் ஒட்டுண்ணியியல் நிறுவனம் அமைந்தது. தலைமை ஏற்றவர் ஸ்காட்லாந்திலிருந்து வந்த தாமஸ் கேமரன். கால்நடை மருத்துவம் படித்தவர், 1934இல் வீட்டு விலங்குகளின் ஒட்டுண்ணிகளைப் பற்றிப் பாடநூல் எழுதியவர். அன்று கைவசம் இருந்த மருந்துகள் நஞ்சுக்கும் மருந்துக்கும் நடுவே தள்ளாடியவை. ஆகவே அந்தத் தலைமுறை ஒட்டுண்ணி அறிஞர்கள் நிலத்தைப் பார்த்தே ஆக வேண்டியிருந்தது. எந்த மாதம் எந்த அடைப்பில் விடுவது, எத்தனை நாள் ஓய்வு கொடுப்பது, மாட்டுக்குப் பின் குதிரையை மேய்த்தால் என்ன ஆகும் என்பவை அவர்களுடைய கேள்விகள். குதிரை மாட்டுப்புழுவை விழுங்கிச் சாகடித்துவிடும். அதன் வயிற்றில் மாட்டின் புழுக்களில் பெரும்பாலானவை வாழா. இந்தப் பழைய அறிவுரைகளைப் படித்தால் இன்று எழுதியவை போலிருக்கின்றன.

தமிழ்நாட்டிலும் அதே ஆண்டுகளில் அதே பார்வை. மாடு குறட்டை விடுவது போல மூச்சுவிடும் மூக்கடைப்பு நோய்க்கு, மூக்கின் இரத்தநாளத்தில் வாழும் ஒரு தட்டைப்புழுவே காரணம் என்று சென்னைக் கல்லூரியின் எம். அனந்தநாராயண ராவ் 1933இல் விவரித்தார். அந்தப் புழு குளத்து நத்தையில் வளர்ந்து, தண்ணீரில் இறங்கும் மாட்டின் தோலைத் துளைத்து ஏறுகிறது. குளம்தான் நோயின் இருப்பிடம். உருண்டைப்புழுவுக்கு வந்தால் நம் வறண்ட மாவட்டங்களின் கதை மொன்றியலுக்கு நேர் எதிர். அங்கே பனி புழுவைக் காப்பாற்றுகிறது, நம் ஊரில் சித்திரை வெயில் அதைக் கொல்லுகிறது. இராமநாதபுரம், சிவகங்கை ஆட்டிடையர்களான கீதாரிகள் அறுவடை வயல்களில் கிடை போட்டு, சில இரவுகளில் பட்டியை அடுத்த வயலுக்கு மாற்றிவிடுவார்கள். முட்டை பொரிந்து, தொற்றும் பருவத்தை எட்ட வெப்ப நாட்டில் ஏறக்குறைய ஒரு வாரம் ஆகும்; அதற்குள் மந்தை போய்விடும், வயல் காய்ந்துவிடும். எருவுக்காகச் செய்த ஏற்பாடு புழுவுக்கும் வழியடைத்தது. பனி உலருமுன் ஆட்டை மேயவிடக் கூடாது என்ற இடையர் வழக்கத்துக்கும் மேலே சொன்ன ஈரப்படலமே விளக்கம். நிரந்தர வேலிதான் கெடுதல் என்றால் காங்கேயத்துக் கொறங்காடு என்ற மேய்ச்சல் காடு என்ன, கிளுவை வேலி கட்டித் தலைமுறை தலைமுறையாக மேய்க்கிறார்களே என்று கேட்கலாம். அங்கே வேலி உண்டு, மழை குறைவு. கொழுக்கட்டைப் புல்லில் மாடுகள் கொஞ்சம். ஒரு காட்டிலிருந்து அடுத்த காட்டுக்கு மாற்றுவதும் உண்டு. வேலியைத் தனியாகக் குற்றம் சொல்ல முடியாது. ஈரம், நெருக்கம், திரும்பி வரும் இடைவெளி ஆகிய மூன்றும் சேர்ந்தால்தான் புழு ஆட்சிக்கு வரும். காவிரி டெல்டாவின் நனைந்த நிலத்தில் அதே கீதாரியின் ஆடு தட்டைப்புழு தொற்றிச் சாவதும் இதே கணக்கில் சேரும்.

1930களின் இறுதியில் பீனோதயசின் வந்தது. பூச்சிமருந்தாகச் சோதிக்கப்பட்டு, புழுமருந்தாக நிலைத்தது. மாட்டின் சிறுநீரைச் சிவப்பாக்கும், பாலையும் நிறம் மாற்றும். இருந்தும் விவசாயிகள் வாங்கிக் குவித்தார்கள். 1961இல் தயாபெண்டசோல், அதே பத்தாண்டில் லெவமிசோலின் குடும்பம், 1981இல் ஐவர்மெக்டின். கடைசியாகச் சொன்னது ஜப்பானின் இட்டோ அருகே மண்ணில் சதோஷி ஒமுரா பிரித்தெடுத்த கிருமியிலிருந்து வந்தது. அதை மருந்தாக்கிய வில்லியம் கேம்பலும் அவரும் 2015இல் நோபல் பரிசைப் பகிர்ந்தார்கள். முதுகில் ஊற்றினாலே போதும் என்ற நிலை வந்த பிறகு மேய்ச்சல் மாற்றத்தை யார் நினைப்பார்கள்? புல்லைப் பற்றிய அறிவு பாடநூலின் பின் அத்தியாயத்துக்குப் போயிற்று. ஆனால் பீனோதயசினுக்கு அடங்காத ஹீமாங்கஸ் 1957இலேயே கென்டக்கியில் பதிவாகிவிட்டது. தயாபெண்டசோல் சந்தைக்கு வந்து மூன்றே ஆண்டில் அதற்கும் அடங்காத புழு. 1980கள் முடிவதற்குள் தென்னாப்பிரிக்கச் செம்மறிகளில் ஐவர்மெக்டினும் தோற்றது. ஒட்டுண்ணியியல் நிறுவனத்துக்கு 1980களில் இயக்குநராக வந்த ரோஜர் பிரிச்சார்டும் அவர் குழுவினரும் பல ஆண்டுகள் ஆராய்ந்தது இதைத்தான்: புழுவின் எந்த மரபணு எப்படி மாறி மருந்தை வெல்கிறது. மருந்து கண்டுபிடிப்பதற்கு இணையாக, மருந்து தோற்பதைப் படிப்பதே அங்கே பெரிய துறையாகிவிட்டது.

மருந்தை இப்படிக் குறைத்துப் பேசலாமா என்ற ஆட்சேபம் வலுவானது. தாடை வீங்கிக் கிடக்கும் குட்டிக்கு மேய்ச்சல் சுழற்சியைப் பற்றி உபதேசித்துப் பயனில்லை. அதற்கு மருந்துதான் வேண்டும். ஒரே ஒரு பசுவை வைத்து, ஒரே புறம்போக்கில் மேய்க்கும் பெண்ணுக்கு நிலத்தை மாற்று என்று சொல்வது கேலி. ஐவர்மெக்டின் இல்லாவிட்டால் மனிதரைத் தாக்கும் ஆற்றுக் குருட்டு நோய்க்கு ஆப்பிரிக்காவில் என்ன செய்திருப்போம்? எல்லாம் உண்மை. என் மறுப்பு மருந்தின்மேல் இல்லை, மூன்று மாதத்துக்கு ஒரு முறை எல்லா மாட்டுக்கும் எல்லா ஆட்டுக்கும் என்ற நாள்காட்டியின்மேல். எல்லாவற்றுக்கும் மருந்து கொடுத்துச் சுத்தமான புல்லுக்கு ஓட்டினால், மருந்துக்குப் பிழைத்த புழுக்களின் சந்ததி மட்டுமே அந்தப் புல்லில் நிரம்பும். நாட்டு மருந்துக்குத் திரும்பினால் தீர்ந்தது என்பவர்களிடமும் எனக்கு இதே தயக்கம். தமிழ்நாடு கால்நடை மருத்துவ அறிவியல் பல்கலைக்கழகம் பரப்பிய வேம்பு, பாகற்காய், தும்பை, வாழைத்தண்டு, பனைவெல்ல உருண்டை விலை குறைவு, பாலில் எச்சம் விடாது. ஆனால் அதையும் அதே நாள்காட்டியின்படி ஊட்டிக்கொண்டு அதே ஈரப் புல்லுக்கு ஓட்டினால் கேள்வி அப்படியேதான் நிற்கிறது.

இன்று கியூபெக்கின் கறவை மாடுகளில் பெரும்பாலானவை ஆண்டு முழுதும் கொட்டிலில் நிற்கின்றன. அறுத்துப் பதப்படுத்திய தீவனம் தின்னும் மாட்டில் ஆஸ்டர்டேஜியாவைத் தேடினால் அகப்படுவது அரிது. எந்த மருந்தும் செய்யாததைக் கொட்டில் செய்துவிட்டது. இயற்கை வேளாண் சான்று பெற்ற பண்ணைகளில் மாடு புல்லுக்குப் போக வேண்டும், புழுமருந்துக்குக் கட்டுப்பாடும் உண்டு. அங்கே புழுவும் திரும்பி வந்திருக்கிறது, கேமரன் காலத்துக் கேள்விகளும் திரும்பி வந்திருக்கின்றன. சாணத்தில் முட்டை எண்ணும் மக்மாஸ்டர் கண்ணாடித் தகடு மறுபடியும் வேலைக்கு வந்துவிட்டது. ஹாமில்டனில் அதே பெயருடைய பல்கலைக்கழகம் இருப்பதால் கனடாவில் பலர் அதை உள்ளூர்ச் சரக்கு என்று நினைக்கிறார்கள். அது சிட்னியின் மக்மாஸ்டர் ஆய்வுக்கூடத்தில் 1939இல் வெளியான முறை. செம்மறி வளர்ப்பவர் கண்ணிமையை மடக்கிப் பார்த்து, வெளுத்த ஆட்டுக்கு மட்டும் மருந்து ஊற்றுகிறார். மற்றவற்றை அப்படியே விடுவது, மருந்துக்கு அடங்கும் புழுக்கள் கொஞ்சம் புல்லில் மிச்சமிருந்து, அடங்காதவற்றோடு கலக்கட்டும் என்பதற்காக. கன்றுகளை இரண்டு கோடைகளுக்கு ஒரே அடைப்பில் விடாமல், பசுக்கள் மேய்ந்து போன நிலத்திலோ உலர்புல் அறுத்த நிலத்திலோ விடச் சொல்கிறார்கள். இதற்கெல்லாம் இடம் வேண்டும். மொன்றியல் தீவில் அந்த இடம் இப்போது மேற்கு முனையில் மக்டொனால்ட் வளாகப் பண்ணையிலும் அதைச் சுற்றியும்தான் பெரும்பாலும் எஞ்சியிருக்கிறது. சென்ட் லோரன்டில் கோட் வெர்ச்சு வரிசையின் கீற்றுகள் மனைகளாகி மூன்று தலைமுறைக்கு மேல் ஆகிவிட்டது.